அண்ணாவுக்கு எல்லாம் விளங்குகிறது, கதைக்கத்தான் முடியவில்லை. வன்னிக்குள் ஸ்பீச் தெரபிக்கு எங்கே போவது?

ஒட்டுசுட்டான் தங்கச்சி எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். கொஞ்சம் நீளமாக வரும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அண்ணாவுக்கு 36 வயது, உழவு மெஷின் ஓட்டுகிறவர். மாசி மாதம் ஒரு இரவு புதுக்குடியிருப்பிலிருந்து மோட்டார் சைக்கிளில் வரும்போது ரோட்டில் படுத்திருந்த கட்டாக்காலி மாட்டில் அடித்து விழுந்துவிட்டார். ஹெல்மெட் போட்டிருந்தார், ஆனால் பட்டி பூட்டவில்லை, விழும்போதே அது கழன்று போய்விட்டது. தலையின் இடப்பக்கத்தில் இரத்தம் கட்டி, யாழ்ப்பாணத்துக்கு அனுப்பி, ஒப்பரேஷன் செய்துதான் உயிர் தப்பியது. இப்போது வீட்டில் இருக்கிறார். வலது கை பெலன் இல்லை, இழுத்து இழுத்து நடக்கிறார், அது பிசியோவில் கொஞ்சம் கொஞ்சமாகத் தேறுகிறது.

பிரச்சினை கதைதான். நாங்கள் சொல்வது விளங்குகிறது என்றுதான் நினைக்கிறேன், பகிடிக்குச் சிரிக்கிறார், வயலுக்குத் தண்ணி விட்டாச்சா என்று கையால் கேட்கிறார். ஆனால் வாயைத் திறந்தால் "அது... அது..." என்று நின்றுவிடும். எதைக் கேட்டாலும் "ஓம்" தான். சோறு வேணுமா, ஓம். வேண்டாமா, ஓம். அம்மா தட்டைக் கொண்டுபோய் வைத்தால் கோபத்தில் தள்ளிவிடுகிறார். கொப்பியும் பேனையும் கொடுத்து இடக்கையால் எழுதச் சொன்னோம், தன் பெயரின் முதல் எழுத்தோடு நிற்கிறார். ஆனால் வெள்ளிக்கிழமை அம்மா விளக்கேற்றி "தோடுடைய செவியன்" பாடத் தொடங்கினால் கூடவே நாலு வரி தெளிவாக வருகிறது! அதோடு சொல்ல வெட்கம், தூசணமும் நல்ல தெளிவாக வருகிறது. அதனால் சொந்தக்காரர் சிலர் "நடிக்கிறான்" என்கிறார்கள், சிலர் "மண்டை பிழைத்துவிட்டது" என்கிறார்கள். அம்மா இரண்டையும் கேட்டு அழுகிறா.

இன்னொன்று, தேத்தண்ணி குடிக்கும்போது அடிக்கடி புரைக்கேறுகிறது. அது இதோடு சம்பந்தப்பட்டதோ தெரியவில்லை.

டிஸ்சார்ஜ் பண்ணும்போது ஸ்பீச் தெரபி என்று யாரோ சொன்ன ஞாபகம், எங்கே, எப்போது, யாரிடம் என்று ஒன்றும் சொல்லவில்லை. கொழும்புக்குத்தான் போக வேண்டுமா? வீட்டில் நாங்கள் என்ன செய்யலாம்?

—

வவுனியா தெரபிஸ்ட் எழுதியது:

தங்கச்சி, நான் இந்த வேலைதான் செய்கிறேன், ஆனால் ஆளைப் பார்க்காமல் எழுதுகிறேன் என்பதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

கடைசியில் எழுதியதைத்தான் நான் முதலில் பிடிப்பேன். புரைக்கேறுவது சம்பந்தப்பட்டதுதான். வாய், தொண்டைத் தசைகளும் மூளை சொல்லித்தான் வேலை செய்கின்றன. அடிபட்ட பிறகு விழுங்குவது பிந்தினால் தண்ணி சுவாசக் குழாய்க்குள் போகும், அடிக்கடி போனால் நெஞ்சில் சளி கட்டி நிமோனியா வரும். அதனால் இன்றைக்கே: படுக்க வைத்தோ சாய்த்தோ ஒன்றும் கொடுக்க வேண்டாம். கதிரையில் நிமிர்ந்து இருக்கட்டும், கால் நிலத்தில் படட்டும், சிறு மிடறாக, ஒன்று விழுங்கி முடித்த பிறகு மற்றது. அண்ணாந்து குடிக்கிற பழக்கம் எங்கள் ஆட்களுக்கு உண்டு, அது கூடவே கூடாது. சாப்பிட்டு அரை மணித்தியாலம் அப்படியே இருக்க வேண்டும். கஞ்சி, ரசம் விட்ட சோறு போல தண்ணியும் பருக்கையும் கலந்த சாப்பாடுதான் இப்படியானவர்களுக்கு மிகக் கஷ்டம், உதிர்ந்த புட்டும் அப்படித்தான். பருப்போடு நன்றாகக் குழைத்த சோறு பரவாயில்லை. பல் விளக்குவதை விடாதீர்கள், வாயில் அழுக்கு இருந்தால் உள்ளே போகிற துளியும் அழுக்குத்தான். விழுங்கிய பிறகு குரல் கரகரவென்று ஈரமாகக் கேட்டாலோ காய்ச்சல் வந்தாலோ கிளினிக் நாள் வரும்வரை காத்திருக்காமல் ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போங்கள்.

இனிக் கதை. நீங்கள் எழுதியதைப் பார்த்தால் அஃபேசியா, அதாவது மூளையில் அடிபட்டு மொழி தடைப்படுகிற நிலை போலத் தெரிகிறது. அறிவு போகவில்லை, நடிப்பும் இல்லை. பெரும்பாலான ஆட்களுக்கு மொழியின் வேலை மூளையின் இடப்பக்கத்தில்தான் நடக்கிறது. 1861இல் பாரிஸில் போல் புரோக்கா என்ற வைத்தியர் பார்த்த ஒரு நோயாளிக்கு "டான்" என்ற ஒரு சத்தம்தான் வாயில் வரும், ஆனால் மற்றவர் சொல்வது விளங்கும். அந்த ஆள் இறந்த பிறகு பார்த்தால் இடது முன்மூளையில் பழுது. உங்கள் அண்ணாவுக்கு அடிபட்டதும் இடப்பக்கம், பெலன் இல்லாததும் வலது கை.

தேவாரமும் தூசணமும் வருவதற்குக் காரணம், அவை ஒவ்வொரு சொல்லாகத் தேடி அடுக்குகிற கதை இல்லை. சின்ன வயதிலிருந்து ஒரே கோவையாகப் பதிந்தவை, ஒன்று இரண்டு மூன்று எண்ணுவது போல. "எனக்குத் தண்ணி தா" என்பது அப்போதே புதிதாகக் கட்ட வேண்டிய வசனம், அங்கேதான் இடிக்கிறது. எழுத்தும் அதே மொழியில் இருந்துதான் வருகிறது, அதனால் பேனையைக் கொடுத்தும் வராததில் ஆச்சரியம் இல்லை. கொப்பியைக் கொஞ்ச நாளைக்கு எடுத்து வையுங்கள், அதைப் பார்க்கும்போதெல்லாம் தோற்ற மாதிரி இருக்கும் அவருக்கு.

ஓம் / இல்லை மாறி வருவது இவர்களிடம் சாதாரணம். அதனால் "சோறு வேணுமா" என்று கேட்காதீர்கள். இடியப்பத்தை ஒரு கையில், பாணை ஒரு கையில் காட்டி "இதா, இதா" என்று கேளுங்கள். தொட்டுக் காட்டினால் அதுதான் பதில், அதையே நீங்கள் சொல்லாகச் சொல்லிக் கொடுங்கள்: "இடியப்பம். சரி." அவர் திருப்பிச் சொன்னால் நல்லது, சொல்லாவிட்டால் வற்புறுத்த வேண்டாம். கேட்ட பிறகு வாயை மூடிக்கொண்டு மனதுக்குள் பத்து வரை எண்ணுங்கள். எங்கள் வீடுகளில் இதுதான் கஷ்டம், ஒரு ஆளிடம் கேட்டால் நாலு பேர் பதில் சொல்வார்கள்! டிவியை நிறுத்துங்கள், கோயில் லவுட்ஸ்பீக்கர் போடுகிற நேரத்தில் பயிற்சி வேண்டாம். காலையில், களைக்க முதல், கொஞ்ச நேரம். அது போதும்.

பாட்டு வருகிறது என்றால் அதைப் பயன்படுத்தலாம். சின்ன வசனத்தை இராகம் போல இழுத்து, இடக்கையால் மேசையில் தட்டித் தட்டிச் சொல்லிப் பழக்கும் முறை ஒன்று 1970களிலிருந்து இருக்கிறது, மெலடிக் இன்டோனேஷன் தெரபி என்பார்கள். எல்லோருக்கும் சரிவராது. நேரில் பார்த்துத்தான் தொடங்க வேண்டும், அதற்கிடையில் அம்மா பாடுவதை நிறுத்த வேண்டாம்.

எங்கே போவது: கொழும்பு தேவையில்லை. டயக்னோசிஸ் கார்டையும் ஸ்கேன் ரிப்போர்ட்டையும் எடுத்துக்கொண்டு அவரைப் பார்க்கிற கிளினிக்கில் ஸ்பீச் தெரபிக்கு அனுப்புகிற துண்டு எழுதித் தரக் கேளுங்கள். கேட்டால்தான் தருவார்கள், சனநெரிசலில் விட்டுப்போகும். யாழ்ப்பாணம், வவுனியா, கிளிநொச்சி என்று பெரிய ஆஸ்பத்திரிகளில் விசாரியுங்கள், உங்களுக்கு மாங்குளம் கிட்ட, அங்கே மறுவாழ்வுப் பிரிவு இருக்கிறது, முதலில் அங்கே கேட்டுப் பாருங்கள். எந்த நாளில் தெரபிஸ்ட் இருப்பார் என்று போனில் கேட்டுவிட்டே பஸ் ஏறுங்கள், இடமாற்றம் வந்தால் மாதக்கணக்கில் ஆள் இல்லாமலும் இருக்கும். அரச ஆஸ்பத்திரியில் காசு இல்லை.

வலிப்பு மாத்திரை தந்திருந்தால் "இப்ப சுகம்தானே" என்று நிறுத்தாதீர்கள். அதையும் சொல்லி வைக்கிறேன்.

—

முறிகண்டிக் கடலை எழுதியது:

இதெல்லாம் நரம்பு விசயம், காலம்தான் மாற்றும். எங்கள் ஊரில் ஒரு பெடியனுக்கு வசம்பு சுட்டுத் தேனில் குழைத்து நாக்கில் தடவித்தான் கதை வந்தது. வற்றாப்பளை அம்மாளுக்கு ஒரு நேர்த்தி வையுங்கள். ஆஸ்பத்திரி ஆஸ்பத்திரியாக அலைந்து பிள்ளைகள் படம் காட்டிப் "இது என்ன" என்று கேட்பதற்கு அரை நாள் கூலியை விடுவதா?

—

வவுனியா தெரபிஸ்ட் எழுதியது:

ஐயா, நேர்த்தி வையுங்கள், நானும் வைகாசிப் பொங்கலுக்குப் போகிறவள்தான். ஆனால் புரைக்கேறுகிற ஆளின் நாக்கில் தேனும் வசம்பும் தடவ வேண்டாம், தயவுசெய்து. நாக்கில் பிழை இல்லை இங்கே. காலத்தைப் பற்றிச் சொன்னது பாதி சரி, முதல் மாதங்களில் மூளை தானாகவும் தேறும். அந்த நேரத்தில் பயிற்சியும் சேர்ந்தால்தான் கூடப் பிரயோசனம். கூலி போகிறது என்பது உண்மையான கஷ்டம், அதை நான் மறுக்கவில்லை. அதனால்தான் கிளினிக்குக்கு வருகிற ஒவ்வொரு முறையும் வீட்டு ஆள் ஒருவர் கூட வந்திருந்து என்ன செய்கிறோம் என்று பார்க்க வேண்டும் என்கிறேன். நான் மாதத்தில் ஒரு மணித்தியாலம் பார்ப்பேன், மிச்ச நேரம் முழுக்க அவர் உங்களோடுதானே.

—

விசுவமடு கடைக்காரி எழுதியது:

தங்கச்சி, உங்கள் அம்மாவிடம் சொல்லுங்கள் அழ வேண்டாம் என்று. என் மனுசனுக்கு 2009இல் தலையில் ஷெல் துண்டு பட்டது, ஆள் உயிரோடு இருக்கிறதே போதும் என்று இருந்த நேரம் அது, கதை வரவில்லை என்று யாரிடம் போய்ச் சொல்வது, செட்டிகுளம் முகாமில் லைனில் நின்று தண்ணி எடுக்கவே பொழுது போய்விடும், ஸ்பீச் தெரபி என்று ஒன்று இருக்கிறது என்பதே ஊருக்குத் திரும்பி வந்து கன காலத்துக்குப் பிறகுதான் எங்களுக்குத் தெரியும். அப்போது எல்லோரும் சொன்னது, ஆறு மாதத்துக்குள் வராத கதை இனி வராது என்று. பொய். வருசங்கள் கழித்துத் தொடங்கியும் அவருக்குச் சொற்கள் கூடின. மெதுவாக, முழுசாக இல்லை, ஆனால் கூடின.

முதலில் எங்களுக்குக் கிடைத்த தெரபிஸ்ட் ஒரு சிங்களப் பிள்ளை. நல்ல பிள்ளை, குறை சொல்லமாட்டேன், ஆனால் தமிழ் தெரியாது, ஒரு நேர்ஸ் இடையில் நின்று மொழிபெயர்ப்பா. மனுசன் "மீன்" என்று சொல்லப் பார்த்து "மான்" என்று சொன்னால் அது கிட்ட வந்த சொல் என்று அந்தப் பிள்ளைக்கு எப்படி விளங்கும்? பிறகு தமிழ்ப் பிள்ளை ஒருத்தி வந்த பிறகுதான் வேகம் பிடித்தது. இந்தப் படிப்பு எங்கள் நாட்டில் களனிப் பல்கலைக்கழகத்தின் ராகம வளாகத்தில் 1997இல்தான் தொடங்கியதாம், 2008இல் பட்டப்படிப்பு ஆகியதாம், அவதான் சொன்னவ. தமிழ்ப் பிள்ளைகள் குறைவு. உயிரியல் படிக்கிற பிள்ளைகள் வீட்டில் இருந்தால் டொக்டர் மட்டும்தான் வேலை இல்லை என்று சொல்லி வையுங்கள்.

எங்களுக்குக் கைகொடுத்தது போன்தான். கடையில் இருக்கிற எல்லாத்தையும் படம் பிடித்து வைத்திருக்கிறார். சீனி, சவுக்காரம், நெருப்புப்பெட்டி, மண்ணெண்ணெய்ப் போத்தல். ஆட்கள் வந்து கேட்டால் எடுத்துக் கொடுப்பார், தனக்கு ஏதாவது வேணுமென்றால் படத்தைக் காட்டுவார், காட்டும்போது நான் முதல் எழுத்தைச் சொல்வேன், "ச..." என்றால் பாதி நாள் "சவுக்காரம்" என்று மிச்சம் வரும், பாதி நாள் "சோடா" என்று வரும். சோடா அவருக்கு எல்லாத்துக்கும் வரும். ஊர்ச் சனத்துக்கும் பழகிவிட்டது. விலை சொல்வது கஷ்டம், அதற்கு மட்டையில் விலை எழுதித் தொங்கவிட்டிருக்கிறோம், விரலை வைப்பார். காசு எண்ணுவதில் ஆளை ஏமாற்ற முடியாது, ஐந்து ரூபாய் குறைந்தாலும் பிடிப்பார்!

இன்னொன்று, உங்கள் அண்ணாவுக்கு இல்லாவிட்டாலும் இதை வாசிக்கிற ஆருக்கும் உதவும்: உடம்பில் எங்கேயாவது பீஸ், அதுதான் ஷெல் துண்டு, இருந்தால் எம்ஆர்ஐ என்று சொன்ன உடனேயே அதைச் சொல்ல வேண்டும். அது பெரிய காந்தம், இரும்பு உள்ளே இருந்தால் அசையும், சூடாகும். எங்களிடம் ஒருவரும் கேட்கவில்லை, நான்தான் வாசலில் வைத்துச் சொன்னேன், பிறகு சிடி எடுத்தார்கள். வன்னியில் இது இல்லாத வீடு குறைவு.

பிரதேச செயலகத்தில் சமூக சேவை உத்தியோகத்தரிடமும் பதியுங்கள். மாற்றுத்திறனாளிக் கொடுப்பனவுக்குக் கை கால் போனவர்கள்தான் என்று சிலர் சொல்வார்கள், வைத்தியச் சான்றிதழைக் காட்டிக் கதையுங்கள், விடாதீர்கள்.

—

மல்லாவி அம்மா எழுதியது:

மன்னிக்கவும், இதற்குள் என் கேள்வியையும் போடுகிறேன், தெரபிஸ்ட் அக்கா இருப்பதால். மகனுக்கு இரண்டரை வயது. அம்மா, தா, வா, அவ்வளவுதான். இரண்டு சொல் சேர்த்துச் சொல்லமாட்டான். மாமி "இவன்ர அப்பாவும் நாலு வயசிலதான் கதைச்சவன்" என்கிறா. போனில் இங்கிலீஷ் பாட்டுப் பார்ப்பான், ஏ பி சி டி முழுக்கச் சொல்வான், ஆனால் தண்ணி வேணுமென்றால் என் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போவான். நாக்கின் அடியில் ஒட்டு இருக்கிறது, வெட்டினால் சரி என்று ஒருவர் சொன்னார். காது கேட்கும், கதவு சாத்தினால் திரும்புவான். பயப்பட வேண்டுமா?

—

வவுனியா தெரபிஸ்ட் எழுதியது:

பயப்பட வேண்டாம், ஆனால் நாலு வயது வரை காத்திருக்கவும் வேண்டாம். இரண்டு வயதில் ஐம்பது சொல்லளவிலும் "பால் தா", "அப்பா போ" போல இரண்டு சொல் சேர்த்தும் வருவதை நாங்கள் எதிர்பார்ப்போம். ஆகவே பார்க்க வேண்டிய பிள்ளைதான்.

முதலில் காது. கதவுச் சத்தம் பெரிய சத்தம், அதற்குத் திரும்புகிற பிள்ளைக்கும் "ச", "த" போல மெல்லிய சத்தங்கள் கேட்காமல் இருக்கலாம், சளி பிடித்துக் காதுக்குள் நீர் கட்டினாலும் அப்படி வரும். காது மூக்குத் தொண்டை கிளினிக்கில் கேள்திறன் சோதனை செய்யுங்கள். நாக்கு ஒட்டால் பிள்ளை கதைக்காமல் இருப்பது மிக அரிது. பால் குடிக்கவோ நாக்கை நீட்டவோ கஷ்டம் இல்லையென்றால் கத்தரிக்கோலைத் தள்ளி வையுங்கள்.

ஏ பி சி டி சொல்வதைக் கதை என்று கணக்கெடுக்காதீர்கள். நான் கேட்பது வேறு: பெயர் சொல்லிக் கூப்பிட்டால் முகத்தைப் பார்க்கிறானா? ஆகாயத்தில் ஹெலி போனால் விரலை நீட்டி, பிறகு நீங்களும் பார்க்கிறீர்களா என்று திரும்பிப் பார்க்கிறானா? மண்ணில் சோறு சமைத்து விளையாடுகிறானா? இவை இல்லாமல், கையைப் பிடித்து இழுத்து மட்டும் கேட்டால், ஓட்டிசம் இருக்கிறதா என்றும் பார்க்கச் சொல்வேன். அது எழுதி முடிவுசெய்கிற விசயம் இல்லை, பிள்ளை வைத்தியரிடம் போக வேண்டும். நிறை பார்க்கிற கிளினிக்கில் குடும்பநல மாதுவிடம் சொல்லுங்கள், கிளினிக் கொப்பியில் வளர்ச்சிப் பக்கம் இருக்கிறது, அதைத் திறந்து வைத்து எது வரவில்லை என்று காட்டிக் கேளுங்கள். சுகாதார வைத்திய அதிகாரி துண்டு தருவார்.

வீட்டில் போனை எடுத்து ஒளியுங்கள், இரண்டு நாள் அழுவான், பிறகு மறப்பான். "சொன்னால்தான் தருவேன்" என்று பிடித்து வைக்காதீர்கள். தண்ணிக்கு இழுத்தால் அவன் முகத்தின் உயரத்துக்குக் குந்தி இருந்து "தண்ணி" என்று சொல்லுங்கள், கொஞ்சம் காத்திருங்கள், கொடுங்கள், கொடுக்கும்போது இன்னொரு தரம் "தண்ணி". அவன் "தண்ணி" சொல்லத் தொடங்கினால் நீங்கள் "தண்ணி தா" சொல்லுங்கள், எப்போதும் அவனை விட ஒரு சொல் கூட. கோழிக்கு அரிசி போடும்போது, கிணற்றடியில் குளிக்க வார்க்கும்போது, இப்படி. "காக்கா"வை "தாத்தா" என்று சொன்னால் திருத்தாமல் "ஓம், காக்கா" என்று சரியாகச் சொல்லிவிடுங்கள், இந்த வயதில் அது பிழை இல்லை. ற, ழ எல்லாம் கடைசியில் வருகிற எழுத்துகள்.

—

முறிகண்டிக் கடலை எழுதியது:

தெரபிஸ்ட் பிள்ளை, கேட்கிறேன் என்று குறை நினைக்காதே. எங்கள் அக்காவுக்குப் பாரிசவாதம் வந்து இப்படித்தான் இருக்கிறா, ஒரு வருசத்துக்கு மேல். அவவுக்கும் பிரயோசனம் இருக்குமா?

—

விசுவமடு கடைக்காரி எழுதியது:

ஐயா, இருக்கும். துண்டு எடுங்கள்.

—

ஒட்டுசுட்டான் தங்கச்சி எழுதியது:

எல்லோருக்கும் பெரிய நன்றி. அம்மாவுக்கு முழுதையும் வாசித்துக் காட்டினேன். இவ்வளவு நாளும் அண்ணாவைக் கட்டிலில் சாய்த்து வைத்துத்தான் தேத்தண்ணி பருக்கினோம், இப்போது கதிரையில். புரைக்கேறுவது குறைந்திருக்கிறது, நிற்கவில்லை. இரண்டு பொருளைக் காட்டிக் கேட்பது உடனேயே வேலை செய்தது. நேற்று இரண்டு சேட்டைக் காட்டினேன், நீலத்தைத் தொட்டார், நான் "நீலம்" என்றேன், அவர் கொஞ்ச நேரம் வாயைக் கூட்டி "நீ... நீ..." என்று வந்து, பிறகு சேட்டைப் பறித்துக்கொண்டு சிரித்தார். தட்டுத் தள்ளுவதும் குறைவு.

மாங்குளத்துக்கு போன் எடுத்தேன், வரச் சொல்லி நாள் தந்திருக்கிறார்கள். அக்கா, என்னென்ன கொண்டு போக வேண்டும்? யார் கூடப் போனால் நல்லது, நானா அம்மாவா? பெரியப்பாவும் வரப் பார்க்கிறார், "நடிக்கிறான்" என்று சொன்னவர்.

—

வவுனியா தெரபிஸ்ட் எழுதியது:

டயக்னோசிஸ் கார்ட், ஸ்கேன், குடிக்கிற மாத்திரைகள், கண்ணாடி போடுகிறவர் என்றால் கண்ணாடி. அடிபட முதல் அவர் கதைத்த வீடியோ ஏதாவது கலியாணவீட்டில் எடுத்தது இருந்தால் போனில் வைத்திருங்கள், பழைய கதை எப்படி என்று தெரிந்தால் எங்களுக்கு உதவி. உழவு மெஷின், வயல், வீட்டு ஆட்கள், நாய், இவற்றின் படமும். விழுங்குவதைப் பார்ப்பார்கள், அதனால் அவர் வழமையாகச் சாப்பிடுகிறதில் கொஞ்சம், ஒரு போத்தல் தண்ணி. புரைக்கேறுவதைப் போன உடனேயே சொல்லுங்கள், கடைசியில் இல்லை.

சாப்பாடு கொடுப்பது அம்மா என்றால் அம்மா கட்டாயம் போக வேண்டும், நீங்களும் போங்கள், எழுதி எடுக்க. பெரியப்பாவையும் ஏற்றுங்கள். சோதனை செய்கிறவள் நானாக இருந்தால் அவரை உள்ளே இருத்தச் சொல்லி நானே கேட்பேன். காலையில் முதல் பஸ்ஸில் போங்கள், பத்து மணிக்குப் பிறகு நம்பர் எடுத்தால் அண்ணா களைத்துப்போவார், களைத்த ஆளுக்கு வருகிற சொல்லும் வராது.